விளையாடாத ஆட்டத்துக்கு ஒரு தொப்பி

1

சென்ற ஞாயிறு காலை, தோசைக்கல் சூடேறிக்கொண்டிருந்த நேரத்தில், தவம் தொலைபேசியில் கூப்பிட்டான். தவம் எங்கள் பள்ளிக்கூடப் பழைய மாணவர் சங்கத்தின் மொன்றியல் கிளைச் செயலாளர். ஊரில் எனக்கு மூன்று வகுப்புக் கீழே படித்தவன். அவன் தொலைபேசியில் கதைத்தால் அடுத்த அறையில் இருப்பவருக்கும் விளங்கும்.

“அண்ணை, எங்கடை உதைபந்தாட்டப் போட்டிக்கு இந்த ஆவணியோடை அஞ்சு வருசம் நிறையுது. மலர் ஒண்டு போடுறம். முதல் வருசப் பிரதம விருந்தினரைப் பற்றி நீங்கள் எழுதினது கிடக்குத்தானே, அந்த ஐரிஷ்காரன்ரை வாழ்க்கை வரலாறு. அதையே திருப்பிப் போடுவமோ?”

தோசை கருகியது. மேசையில் சாப்பிட்டுக்கொண்டிருந்த என் மகள் மயூரி தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தாள். அவளுக்கு இப்போது பதினெட்டு வயது. தாயோடு தமிழ், சிநேகிதிகளோடு பிரெஞ்சு, என்னோடு தேவைக்கு மட்டும் ஆங்கிலம். கிண்ணத்தைத் தூக்கிக்கொண்டு கீழே தன் அறைக்குப் போய்விட்டாள்.

பேந்து சொல்லுகிறேன் என்று தவத்திடம் தப்பினேன். திங்கட்கிழமை புரோசார்டில் இருக்கிற வீட்டிலிருந்து வேலைக்குப் போகும்போது பாலத்தில் கார் நகராமல் நின்ற முக்கால் மணி நேரமும் அந்த மனிதரின் முகம்தான். செவ்வாய்க்கிழமை தவத்துக்கு எடுத்து, பழசைப் போடாதே, புதிதாக எழுதித் தருகிறேன் என்றேன். சந்தோசப்பட்டான். பாவம், என்ன வரப்போகிறது என்று அவனுக்குத் தெரியாது.

அந்த எழுத்து இதுதான். மலரின் ஒரு கட்டு வழமைபோல ஊருக்கும் போகும். வெளிநாட்டில் நாங்கள் என்ன வெட்டி விழுத்துகிறோம் என்று ஊரில் இருப்பவர்களும் தெரிந்துகொள்ளட்டும்.

2

அவருடைய பெயர் டோனல். மொன்றியலின் லாசால் பகுதியில் காட்போட் பெட்டி செய்கிற தொழிற்சாலை ஒன்றில் நாங்கள் இருவரும் வேலை செய்தோம். நான் பெட்டிகளை அடுக்கிக் கட்டுவேன், அவர் ஃபோர்க்லிப்டில் வந்து தூக்கிக்கொண்டு போவார். ஐம்பது கடந்த ஆள். வலது முழங்கால் மடியாது. அந்த வண்டியில் ஏறுவதற்கு ஒவ்வொரு தரமும் காலைக் கையால் தூக்கி வைப்பார்.

கனடாவுக்கு வந்த புதிதில் எனக்கு ஆங்கிலம் தட்டுத்தடுமாறித்தான் வரும். பிரெஞ்சு, பொன்ஜூருக்கும் மெர்சிக்கும் அப்பால் இல்லை. போர்மன் பிரெஞ்சில் கத்துவதை எனக்கு ஆறுதலான ஆங்கிலத்தில் திருப்பிச் சொல்கிறவர் டோனல்தான். மதியச் சாப்பாட்டில் பக்கத்துக் கதிரை அவருக்கு. என் மனைவி வசந்தி கட்டித் தருகிற புட்டையும் மீன் குழம்பையும் நான் பங்கு கொடுப்பேன். கண்ணால் தண்ணீர் வழிய வழியச் சாப்பிடுவார், வேண்டாம் என்று சொன்னதில்லை.

நான் பள்ளிக்கூட அணியில் விளையாடினவன். அதை ஒருநாள் அளந்து விட்டேன். அளந்து முடித்தபிறகுதான், தானும் கொஞ்சம் விளையாடியதாகச் சொன்னார். அந்தக் ‘கொஞ்சத்தை’ நான் கேட்டுக் கேட்டு எடுக்க ஒரு பனிக்காலம் முழுவதும் போயிற்று.

அயர்லாந்தின் மேற்குக் கரையில் ஒரு சின்னப் பட்டினம் அவருடையது. பதினாறு வயதில் கப்பலேறி இங்கிலாந்து போனார். வடபகுதியில் ஒரு தொழில்முறைக் கழகம். மேல் பிரிவுக்கு ஏறவும் மாட்டாது, அடிப் பிரிவுக்கு இறங்கவும் மாட்டாது. முதல் வருடங்களில் மூத்த வீரர்களின் சப்பாத்துத் துடைப்பதும் பார்வையாளர் இருக்கிற வாங்குகளுக்குப் பெயின்ற் அடிப்பதும்தான் வேலை. பத்தொன்பது வயதில் முதல் ஆட்டம். அதற்குப் பிறகு பதினொரு வருடம், அதே கழகம், அதே நடுக்களம். சனிக்கிழமைக்குச் சனிக்கிழமை சேற்றில் ஓட்டம். கோல் அடித்தது கைவிரலில் அடங்கும் என்றார். நடுக்களம் என்றால் என்ன என்று அவர் சொன்னது எனக்கு இன்றைக்கும் பாடம்: பந்து வேண்டாம் என்று தருகிறவனிடம் வாங்கி, பேர் எடுக்கப் போகிறவனிடம் கொடுக்கிற வேலை.

முப்பது வயதில் முழங்கால் முடிந்தது. அத்தான் ஒருவர் மொன்றியல் துறைமுகத்தில் இருந்தார், அவரைப் பிடித்து இங்கே வந்தார்.

ஒரே ஒரு தரம் அவரை அயர்லாந்துத் தேசிய அணிக்குக் கூப்பிட்டார்கள். இருபத்தைந்து வயதாம். டப்ளினில் ஆட்டம். மாற்று ஆட்டக்காரராக வாங்கில் இருந்தார். இரண்டாவது பாதியில் நடுக்களத்துக்காரன் ஒருவன் காலைப் பிடித்துக்கொண்டு விழ, பயிற்றுநர் இவரைப் பார்த்துக் கையைக் காட்டினார். மேற்சட்டையைக் கழற்றிவிட்டுக் கோட்டருகே போய் நின்றார். விழுந்தவன் எழும்பிவிட்டான். இவர் திரும்பி வந்து வாங்கில் இருந்தார். அவ்வளவுதான், அதற்குப் பிறகு கூப்பிடவில்லை.

நாட்டுக்காக மைதானத்துக்குள் காலடி வைத்தவனுக்கு அந்த ஊரில் ஒரு தொப்பி கொடுப்பார்கள். உண்மையான தொப்பி, பட்டு நூல் குஞ்சம் தைத்தது. அதை வைக்க அவருடைய தாய் அலுமாரித் தட்டொன்றை ஒதுக்கித் துடைத்து வைத்திருந்தாராம். ஆட்டம் முடிய மற்ற மாற்று ஆட்டக்காரர்கள் ஞாபகத்துக்கென்று சட்டையை வைத்துக்கொண்டார்கள். இவர் மடித்துத் திருப்பிக் கொடுத்துவிட்டார். விளையாடாதவன் அதை வைத்திருக்க முடியாது என்றார்.

மொன்றியல் ஐரிஷ்காரர்களிடம் தான் விளையாடியதையே சொல்வதில்லை என்றும் சொன்னார். சொன்னால் அடுத்த கேள்வி அதுதானாம்: நாட்டுக்கு விளையாடினாயா?

இதெல்லாம் எனக்கு நன்றாக விளங்கியது. ஆங்கிலம் விளங்காமல் பிழை விட்டுவிட்டேன் என்று நான் தப்ப முடியாது. இதை இப்போதே சொல்லி வைக்கிறேன், ஏனென்றால் பின்னால் அப்படித்தான் சொல்லப் பார்த்தேன்.

3

அமெரிக்காவில் உலகக் கிண்ணம் நடந்த கோடையில்தான் எங்கள் சங்கம் முதலாவது உதைபந்தாட்டப் போட்டியை வைத்தது. போட்டி என்றால் பந்தும் இரண்டு கோல்கம்பமும் போதும் என்று மற்றவர்கள் நினைக்கலாம். எங்களுக்குப் போதாது. மங்கல விளக்கு வேண்டும், வரவேற்புரை வேண்டும், மலர் வேண்டும், எல்லாவற்றுக்கும் மேலாக ஒரு பிரதம விருந்தினர் வேண்டும். எங்களுக்குப் போட்டியான பள்ளிக்கூடத்துப் பழைய மாணவர்கள் அந்த வருடம் தமிழ்நாட்டுப் பேராசிரியர் ஒருவரைப் பிடித்துவிட்டார்கள். எங்கள் ஆட்களுக்கு நித்திரை இல்லை.

அந்த வாரம்தான் அயர்லாந்து இத்தாலியை வென்றது. தவத்தின் வீட்டு நிலக்கீழ் அறையில் கூட்டம். என்னோடு ஒரு ஐரிஷ்காரர் வேலை செய்கிறார், இங்கிலாந்தில் தொழில்முறையாக விளையாடினவர் என்று சொன்னேன். எல்லோரும் என் பக்கம் திரும்பினார்கள். மொன்றியலுக்கு வந்தபிறகு பத்துப் பேர் ஒன்றாக என் பக்கம் திரும்பியது அதுதான் முதல் தரம்.

“நாட்டுக்கு விளையாடினவரோ?” என்று தவம் கேட்டான்.

இல்லை என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். “ஓம்” என்று வந்தது.

எங்கள் ஆட்களைப் பற்றி உங்களுக்குத் தெரியும். மேடையில் ஒருவரை அறிமுகம் செய்யும்போது கந்தோர் எழுதுவினைஞரைப் பிரதம நிர்வாகி ஆக்குவோம். செத்தவர்களின் ஞாபகத்துக்கு அச்சடிக்கிற கல்வெட்டுப் புத்தகத்தில், பக்கத்து வீட்டுக்காரனோடு வேலிக்குச் சண்டை பிடித்தே காலம் கழித்தவரை ஊருக்கு நிழல் தந்த ஆலமரம் என்று வெண்பா பாடுவோம். அதை ஒருவரும் பொய் என்று எடுப்பதில்லை. அது மரியாதை. பொன்னாடைக்கு நீளம் பார்ப்பது மாதிரி, வரலாற்றுக்கும் நீளம் பார்க்கிற சாதி நாங்கள்.

அந்தப் பழக்கத்தில்தான் நான் எழுதினேன். “அயர்லாந்துத் தேசிய அணியின் நடுக்களத் தூண். பதினொரு சர்வதேச ஆட்டங்களில் தாய்நாட்டின் மானம் காத்தவர்.” பதினொன்று எங்கிருந்து வந்தது? கழகத்தில் பதினொரு வருடம் என்று அவர் சொன்னதுதான். புளுகுக்கும் ஒரு அத்திவாரம் தேவைப்பட்டது. இதைச் சொல்லாமல் விட்டால் இந்த எழுத்துக்கு அர்த்தம் இல்லை: எழுதி முடித்து வசந்திக்கு உரக்க வாசித்துக் காட்டினேன், வடிவாயிருக்கு என்றாள், நானும் நன்றாகத்தான் இருக்கிறது என்று நினைத்தேன்.

விளம்பரம் தந்த கடைக்காரர்களுக்காகவும் நகரசபைக்காரருக்காகவும் மலரில் ஒரு ஆங்கிலப் பக்கமும் போட்டார்கள். என் தமிழைத் தவத்தின் மருமகன் ஆங்கிலமாக்கினான். பதினொன்று அங்கேயும் பதினொன்றாகவே இருந்தது.

இன்னொன்றும் செய்தேன். அந்த நாட்டில் தொப்பி கொடுப்பார்கள் என்று தவத்திடம் கதையோடு கதையாகச் சொல்லிவிட்டேன். அவன் செய்யக்கூடியவன். ஒரு தையற்கடையில் கொடுத்துப் பச்சை வெல்வெற்றில் தொப்பி தைப்பித்தான், பொன்னூல் குஞ்சம் வைத்து.

4

ஆவணி வெயில் மண்டையைப் பிளந்தது. லாசால் பூங்காவில் கொட்டகை போட்டு, வாழைமரத்துக்குப் பதிலாகப் பச்சைக் கடதாசி சுற்றி, மேடை. டோனல் கோட்டும் ரையும் கட்டிக்கொண்டு வந்திருந்தார். நாங்கள் கூப்பிட்டது அவருக்குச் சந்தோசம். வேலையிடத்தில் ஒரு கிழமையாக எல்லோருக்கும் சொல்லிக்கொண்டு திரிந்தார், குலம் என்னைத் தன் ஆட்களின் போட்டிக்கு அழைத்திருக்கிறான் என்று. குலம் நான்தான்.

மேடையில் அவருக்குப் பக்கத்தில் மயூரியை இருத்தினோம், மொழிபெயர்க்க. அவளுக்கு அப்போது பதின்மூன்று. அப்போது நாங்கள் குடியிருந்த லாசால் பகுதிப் பெண்பிள்ளைகளின் அணிக்குச் சனிக்கிழமைகளில் டோனல்தான் சம்பளம் இல்லாமல் பயிற்சி கொடுத்தார், அந்த அணியில் அவளும் ஆடினாள். அவர் என்றால் அவளுக்கு உயிர்.

நான் ஒலிவாங்கியின் முன் நின்று வாசித்தேன். நல்ல குரல் என்று சொல்வார்கள். தேசிய அணி என்று நான் சொல்ல, மயூரி அவருடைய காதில் சொன்னாள். பதினொரு ஆட்டங்கள் என்று சொல்ல, அதையும் சொன்னாள். சொல்லிவிட்டு அவருடைய முகத்தைப் பார்த்தாள். அந்த முகத்தில் இருந்த இரத்தம் வற்றியதை மேடையின் மறுகரையில் இருந்து நானும் கண்டேன். கண்டும் அடுத்த வரியை வாசித்தேன்.

கைதட்டல் ஓயமுன் தவம் தொப்பியை எடுத்துவந்தான். டோனலுக்கு ஒரு நொடி விளங்கவில்லை. விளங்கியபோது கையை மெல்ல உயர்த்தி வேண்டாம் என்று காட்டினார். எங்கள் ஆட்கள் அதைப் பணிவு என்று எடுத்து இன்னும் பலமாகத் தட்டினார்கள். தவம் எட்டி அவருடைய நரைத்த தலையில் வைத்துவிட்டான். படம் எடுத்தார்கள். அவர் தலையைக் குனிந்தபடி நின்றார்.

உரையாற்றக் கேட்டபோது, எல்லோருக்கும் நன்றி, பிள்ளைகள் காயப்படாமல் விளையாடட்டும் என்று மட்டும் சொல்லி உட்கார்ந்தார்.

திரும்பும்போது என் காரில்தான் கொண்டுபோய் விட்டேன். தொப்பி மடியில். வீட்டு வாசலில் இறங்கமுன், ஏசவில்லை, குரலை உயர்த்தவில்லை. அந்த மனிதர்கள் நல்லவர்கள், அவர்கள் முன்னால் உன்னைத் தலைகுனிய வைக்க மனம் வரவில்லை, அதனால் மேடையில் பேசாமல் இருந்தேன் என்றார். பிறகு சொன்னதை அப்படியே எழுதுகிறேன்.

“எனக்கு வேறு ஒன்றும் வேண்டாம், குலம். அந்தப் பக்கத்தை மட்டும் சரிப்படுத்திவிடு.”

நாளைக்கே என்றேன்.

5

நாளைக்கு என்பது எங்கள் வாயில் எவ்வளவு நீளம் என்று உங்களுக்குத் தெரியும். தவத்திடம் சொன்னேன். “விடுங்கோ அண்ணை, ஆர் தமிழ் மலரைத் தேடிப் பிடிச்சு வாசிக்கப்போகினம்?” என்றான். எனக்கும் அதுதான் வேண்டியிருந்தது, விட்டுவிட்டேன்.

ஆனால் ஆங்கிலப் பக்கம் இருந்தது. பகுதியில் வருகிற ஆங்கில வாரப் பத்திரிகை ஒன்றில் அதைப் பார்த்து, தொப்பியோடு நின்ற படத்தையும் போட்டுச் சின்னச் செய்தி வந்தது: எங்கள் நடுவில் ஒரு அயர்லாந்துத் தேசிய வீரர். இரண்டு கிழமையில் வாசகர் ஒருவர் கடிதம் எழுதினார். அயர்லாந்து ஆடிய ஆட்டங்கள் எல்லாவற்றையும் பட்டியல் வைத்திருக்கிற ஆளாம். அப்படி ஒரு பெயர் எதிலும் இல்லை, இந்த மனிதர் ஏமாற்றுகிறார் என்று எழுதியிருந்தார்.

எந்தக் கேள்விக்குப் பயந்து டோனல் இருபது வருடமாக வாயைத் திறக்காமல் இருந்தாரோ, அந்தக் கேள்வியை நான் ஊர் முழுக்கக் கேட்க வைத்துவிட்டேன். வெள்ளிக்கிழமைகளில் அவர் போகிற ஐரிஷ் மதுச்சாலையில் தலையைக் கண்டதும் கதை நின்றுவிடுமாம். ஒருவன் சல்யூற் அடித்தானாம். அவர் எனக்குச் சொல்லவில்லை, தொழிற்சாலையில் மற்றவர்கள் சொல்லிச் சிரித்தார்கள். அவர் என் பக்கத்துக் கதிரையில் அதே மாதிரி வந்து இருந்து சாப்பிட்டார். புட்டு வேண்டுமா என்று நான் கேட்கவில்லை.

பத்திரிகைக்கு இரண்டு வரி எழுதினால் முடிகிற காரியம். ஏன் எழுதவில்லை என்று கேட்பீர்கள்.

அந்த இலையுதிர் காலத்தில் என் குடியுரிமை விண்ணப்பம் நடந்துகொண்டிருந்தது. அகதி வழக்குக்கு நான் கொடுத்த கதையில் ஒரு சின்ன விசயம் இருக்கிறது. என்னை இரண்டு தரம் பிடித்துக்கொண்டு போய் அடித்தது உண்மை, முதுகில் அடையாளம் இருக்கிறது. படிவம் நிரப்பித் தந்தவர், இரண்டு காணாது, மூன்றாகப் போடுவம் என்றார். நான் தலையாட்டினேன். வாங்கிய அடியே போதும் என்று நம்பாமல், வாங்காத அடியையும் சேர்த்துக் கொடுத்தேன். அந்த மூன்றாவது அடிதான் எனக்கு அதிகம் வலித்தது. அரசாங்கக் கடித உறை எது வந்தாலும் வசந்தியைத்தான் பிரிக்கச் சொல்வேன். “பேப்பரிலை உங்கடை பேரைப் போட்டு, நான் பொய் எழுதினனான் எண்டு வந்தால் அவங்கள் பழைய பைலைத் திறக்கமாட்டாங்களோ?” என்று வசந்தி கேட்டாள். அவளைக் குற்றம் சொல்லவில்லை. அவள் கேட்கமுன்பே நான் அதை நினைத்துவிட்டேன்.

தவம் ஒரு வழி சொன்னான். ஆங்கிலம் சரியாக விளங்காமல் எழுதிவிட்டோம் என்று சங்கத்தின் பெயரில் ஒரு கடிதம். அதையும் எழுதி வைத்தோம். கையெழுத்து யார் வைப்பது என்று வந்தபோது எல்லோருக்கும் வேறு வேலை வந்துவிட்டது.

ஐப்பசியில் பெண்பிள்ளைகள் அணியின் பெற்றோரைக் கூட்டினார்கள். பொய் சொல்கிற ஒருவரிடம் பிள்ளைகளை விடலாமா என்று சிலர் கேட்டார்களாம். சமூக மண்டபத்தில் ஒரு நீள மேசை, அதற்கு அந்தப் பக்கம் குழுத் தலைவியும் டோனலும். நான் மயூரியோடு பின்வரிசையில் கதவடியில் இருந்தேன். கதவு திறந்து திறந்து மூடக் குளிர் அடித்தது.

தலைவி நல்ல பெண், தயங்கித் தயங்கித்தான் கேட்டாள். தேசிய அணிக்கு விளையாடினதாக நீங்கள் யாருக்காவது சொன்னீர்களா?

இல்லை என்றார் டோனல். அப்படியானால் அந்தச் செய்தி எப்படி வந்தது என்று கேட்டாள். ஒரு வார்த்தை சொன்னால் போதும், குலம் எழுதினான் என்று. அவர் அதைச் சொல்லவில்லை. ஒரு அன்பளிப்பாக எழுதப்பட்டது, அன்றைக்கே நான் மறுத்திருக்க வேண்டும், மறுக்காதது என் பிழை என்றார். இனிச் சனிக்கிழமைகளில் வரமாட்டேன் என்று திறப்புக்கோர்வையில் இருந்து உபகரண அறைத் திறப்பைக் கழற்றி மேசையில் வைத்தார்.

நான் வாயில் கொழுக்கட்டையை வைத்தவன் மாதிரி இருந்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் எழும்பிச் சொல்லியிருப்பேன் என்று நினைக்கிறேன்.

காரில் மயூரி தமிழில் கேட்டாள். “ஏன் அப்பா நீங்கள் ஒண்டும் சொல்லேல்லை?”

“எனக்கு அவர் சொன்ன இங்கிலீசு வடிவா விளங்கேல்லை பிள்ளை. அதாலை வந்த பிழை.”

அவள் என்னைத் திரும்பிப் பார்த்துவிட்டுக் கண்ணாடிப் பக்கம் முகத்தைத் திருப்பினாள். அதற்குப் பிறகு அவள் என்னோடு தமிழில் கதைக்கவில்லை. பந்தையும் தொடவில்லை.

எங்கள் பிள்ளைகள் ஏன் தமிழை விட்டுப்போகிறார்கள் என்று இங்கே மாதத்துக்கொரு கூட்டம் வைத்துப் பேசுகிறோம். பள்ளிக்கூடம் என்கிறோம், தொலைக்காட்சி என்கிறோம், கியூபெக்கின் பிரெஞ்சுமொழிச் சட்டம் என்கிறோம். நானும் மேடையில் ஏறிப் பேசியிருக்கிறேன். என் வீட்டுக் காரணம் எனக்குத் தெரியும், அதை மட்டும் பேசியதில்லை.

6

அடுத்த வசந்தத்தில் டோனல் வேலையை விட்டார். முழங்காலுக்குச் சத்திரசிகிச்சை, பிறகு தமக்கையோடு இருக்க அயர்லாந்துக்கே போகிறார் என்றார்கள். கடைசி நாள் கேக் வெட்டினார்கள். போர்மன் பிரெஞ்சில் ஏதோ பகிடி சொன்னான், நானும் சேர்ந்து சிரித்தேன்.

உடுப்பு மாற்றுகிற இடத்தில் தனியாகக் கண்டபோது, பாண் சுற்றி வருகிற பிளாஸ்ரிக் பை ஒன்றை என் கையில் தந்தார். உள்ளே அந்தப் பச்சைத் தொப்பி. குஞ்சம் கசங்காமல் கடதாசி வைத்து மடித்திருந்தார்.

“விளையாடாதவன் இதை வைத்திருக்க முடியாது” என்றார்.

அவர் குத்திக்காட்டவில்லை. டப்ளினில் சட்டையைக் கொடுத்தபோது எந்தக் குரலில் சொன்னாரோ, அதே குரலாகத்தான் இருக்கும். நான் சொறி என்றேன். மெற்றோவில் ஒருவர் காலை மிதித்தால் சொல்வோமே, அந்தச் சொறி. அதைவிடப் பெரிதாக ஒரு சொல் அந்த நேரத்தில் எனக்கு எந்த மொழியிலும் வரவில்லை. அவர் என் தோளில் தட்டிவிட்டு, வசந்தியின் மீன் குழம்புக்கு நன்றி சொல்லச் சொன்னார்.

விலாசம் கேட்கவில்லை. கேட்டால் எழுத வேண்டி வரும்.

7

குடியுரிமை கிடைத்துவிட்டது. மண்டபத்தில் கையை உயர்த்திச் சத்தியம் செய்தேன், கொடி தந்தார்கள். பழைய பைலை ஒருவரும் திறக்கவில்லை. மூன்றாவது அடியைப் பற்றி இன்றுவரை ஒரு குஞ்சும் கேட்கவில்லை. எதற்குப் பயந்து அந்த மனிதரை விட்டுக்கொடுத்தேனோ, அது வரவேயில்லை. வந்திருந்தால் கொஞ்சம் ஆறுதலாய் இருந்திருக்கும்.

தொப்பி இப்போது எங்கள் வீட்டு நிலக்கீழ் அறையில், சுடுதண்ணீர்த் தாங்கிக்குப் பின்னால், அதே பாண் பையில் இருக்கிறது. எறியவும் முடியாது, வைக்கவும் இடமில்லை.

தவம், நீ கேட்ட வாழ்க்கை வரலாறு கீழே இருக்கிறது. மற்றதெல்லாம் நீளம் என்று வெட்டினாலும் இதை வெட்டாதே. ஆங்கிலப் பக்கத்திலும் போடு, என் முழுப்பெயரோடு.

டோனல் அயர்லாந்தின் மேற்குக் கரையில் பிறந்தவர். பதினாறு வயதில் இங்கிலாந்துக்குப் போய், வடபகுதிக் கழகம் ஒன்றுக்குப் பதினொரு வருடம் நடுக்களத்தில் விளையாடினார். முழங்கால் காயத்தால் முப்பது வயதில் நிறுத்தினார். அயர்லாந்துத் தேசிய அணிக்கு ஒருமுறை அழைக்கப்பட்டார், விளையாடவில்லை. விளையாடியதாக அவர் ஒருவருக்கும் சொல்லவுமில்லை. அதை எழுதியவன் நான்.

இதோடு முடித்துவிட்டேன் என்றுதான் நினைத்தேன். நேற்றுப் பின்னேரம் இந்தத் தாள்களை மயூரியிடம் கொண்டுபோய்க் கொடுத்து, ஆங்கிலமாக்கித் தருவாயா என்று கேட்டேன். கட்டிலில் இருந்து வாசித்தாள். தமிழ் வாசிப்பு அவளுக்குக் கஷ்டம், விரல் வைத்து வைத்து ஒரு மணி நேரம் எடுத்தது. நான் கதவு நிலையில் நின்றேன். ஒரு இடத்தில் விரல் நின்றது. மேலே போய்த் திரும்பி வந்து, மறுபடியும் அங்கேயே நின்றது.

ஐந்து வருடத்துக்குப் பிறகு தமிழில் சொன்னாள்.

“அப்பா, அண்டைக்குக் கூட்டத்திலை நாங்கள் பின்னாலை இருக்கேல்லை. முன்வரிசையிலை இருந்தனாங்கள். அவர் உங்களைப் பார்த்தவர். கனநேரம் பார்த்தவர்.”

மறுக்கத்தான் வாயெடுத்தேன். பின்வரிசை, கதவடி, குளிர் என்று எனக்கே சொல்லிச் சொல்லி, அந்தக் குளிர் முதுகில் படுகிற அளவுக்கு நம்பியிருந்தேன். வெட்கத்தைச் சொல்ல உட்கார்ந்த எழுத்திலும் எனக்குக் கொஞ்சம் நல்ல இடமாகப் பார்த்துக் கதிரை போட்டிருக்கிறேன்.

மேலே எழுதியதை அழிக்கவில்லை, அப்படியே கிடக்கட்டும். அவள் சொன்னதுதான் சரி. முன்வரிசை. எனக்கும் அவருக்கும் நடுவில் ஒரு மேசை மட்டும். அவர் என்னைப் பார்த்தார். நான் குனிந்து என் சப்பாத்து நூலைக் கட்டினேன்.